எட்டாவின் குரல் எட்டிய தூரம்

மனிதக் குரல் ஒன்று எவ்வளவு தூரம் போகும்?

பல்கலைக்கழக விடுமுறையில் வீட்டுக்கு வந்திருந்த என் நானா ஒருநாள் இரவு இப்படிக் கேட்டார். “உம்மா கூப்பிட்டா சந்திக் கடை வரைக்கும் கேக்கும்” என்றேன். நானா சிரித்துவிட்டுத் தன் தொலைபேசியில் ஒரு பாட்டைப் போட்டார். ஒரு பெண்ணின் குரல். முதலில் கோபமாக ஏதோ சொன்னது. பிறகு சொற்கள் நின்றுபோய், ஊசி முனைகளைப் போலச் சுரங்கள் ஒன்றன்பின் ஒன்றாக மேலே ஏறின. குசினிக்குள்ளிருந்து உம்மா எட்டிப் பார்த்து, “யாரு புள்ள இந்த நேரத்துல கத்துறது?” என்று கேட்டார்.

“கத்தல்ல உம்மா, பாட்டு. இந்தக் குரல் இப்ப சூரியக் குடும்பத்தையும் தாண்டிப் போய்க்கொண்டிருக்கு” என்றார் நானா.

அந்தக் குரலுக்குரியவர் எட்டா மோசர் என்னும் ஜேர்மன் ஒபெராப் பாடகி. தமிழில் எழுதினால் அவருடைய பெயரே ‘எட்டாத’ ஒன்றைச் சொல்வது போல இருக்கிறது. அவரைப் பற்றித் தேடித் தேடி வாசித்தேன். அதற்கு எனக்கொரு சொந்தக் காரணமும் இருந்தது. அதற்குச் சில மாதங்களுக்கு முன்னர் நான் ஒரு பேச்சுப் போட்டியில் கலந்துகொண்டேன். என் நாவில் ழகரம் ளகரமாகவே விழும். “வாழ்க்கை” என்று நான் சொன்ன ஒவ்வொரு தடவையும் முன்வரிசையில் இருவர் சிரித்தார்கள். “கருத்து நல்லது, உச்சரிப்பு வீட்டுப் பேச்சு” என்று நடுவர் ஒருவர் எல்லோர் முன்னிலையிலும் சொன்னார். இனி மேடை ஏறுவதில்லை என்று அன்றே முடிவு செய்திருந்தேன். ஆகவே, குரலால் வாழ்ந்த ஒருவரின் கதை என்னை இழுத்ததில் வியப்பில்லை.

ஒபெரா என்பது என்ன?

எங்கள் நாட்டில் கூத்தும் இசை நாடகமும் உண்டு. ஒபெராவையும் ஓர் இசை நாடகம் என்றே சொல்லலாம். கதாபாத்திரங்கள் தம் கோபத்தையும் காதலையும் சாவையும் பாடியே நடிப்பர். மேடைக்கு முன்னே ஒரு பள்ளத்தில் பல பத்து வாத்தியக்காரர்கள் அமர்ந்து இசைப்பர். பாடுபவருக்கு ஒலிவாங்கி கிடையாது. ஆயிரம், இரண்டாயிரம் பேர் இருக்கும் மண்டபத்தின் கடைசி வரிசைக்கு அவருடைய குரல் அந்த வாத்தியங்களைத் தாண்டித் தானாகவே போய்ச் சேர வேண்டும்.

பெண் குரல்களில் மிக உயர்ந்த வகையைச் சொப்ரானோ என்பர். அதிலும் மிக உயரத்தில், மிக வேகமாக, ஓர் உயிரெழுத்தை மட்டும் வைத்துக்கொண்டு சுரங்களை உதிர்க்கக்கூடியவர்களைக் கொலரத்தூரா சொப்ரானோ என்பர். எட்டா மோசர் புகழ்பெற்றது இந்த வகையில்தான்.

பேர்லின் சிறுமி

எட்டா மோசர் 1938 ஒக்டோபர் 27ஆம் திகதி பேர்லினில் பிறந்தார். பாட்டனார் அன்திரேயாஸ் மோசர் பேர்லினில் வயலின் ஆசிரியராக இருந்தவர். தந்தை ஹான்ஸ் யோவாக்கிம் மோசர் இசை அகராதியும் இசை வரலாறும் எழுதிய ஆய்வாளர். நாஸி ஆட்சிக் காலத்தில் அரசின் இசை அலுவலகம் ஒன்றில் பொறுப்பு வகித்தவர் என்பதும் அந்தத் தந்தையின் வரலாற்றில் உண்டு. இரண்டாம் உலகப் போர் முடிந்தபோது எட்டாவுக்கு வயது ஆறு. இடிபாடுகளும் இரண்டாகப் பிரிந்த நாடும்தான் அவருடைய தலைமுறை வளர்ந்த சூழல்.

பேர்லின் நகர இசைக் கல்லூரியில் ஹெர்மன் வைசன்போர்ன் என்பவரிடமும் கெர்ட்டி கோனிக் என்பவரிடமும் அவர் பாட்டுப் பயின்றார். 1962இல் பேர்லின் ஜேர்மன் ஒபெரா அரங்கில் முதன்முதலாக மேடை ஏறினார். புச்சினியின் ‘மதாமா பட்டர்பிளை’ நாடகத்தில் கேற் பிங்கர்ட்டன் என்ற பாத்திரம். கதை முடியப் போகும் நேரத்தில் வந்து சில வரிகளைப் பாடிவிட்டுப் போகும் சிறிய வேடம் அது.

அடுத்த ஆறு ஆண்டுகளில் அவர் பாடியவை பெரும்பாலும் வூர்ஸ்புர்க், ஹாகன், பீலபெல்ட் போன்ற நகரங்களின் அரங்குகளில். ஜேர்மனியில் சிறிய நகரங்களுக்கும் சொந்த ஒபெரா அரங்கு உண்டு. பொது நிதியில் இயங்கும் அந்த அரங்குகளே இளம் பாடகர்களுக்குப் பயிற்சிக் களங்கள். இன்றைக்கு ஒரு வேடம், இரண்டு நாளில் வேறொரு வேடம். சுருதி தவறினாலும் அடுத்த கிழமை மறுபடியும் மேடை ஏறத்தான் வேண்டும். பெரிய பாடகிகளின் கதைகளைச் சொல்லும்போது நாம் இந்த ஆண்டுகளை ஒரு வரியில் தாண்டிவிடுகிறோம். எனக்கோ இந்த ஆறு ஆண்டுகள்தான் முக்கியமாகப் பட்டன. நான் ஒரே ஒரு மேடையோடு ஓடி வந்தவள் அல்லவா!

1968ஆம் ஆண்டு அவருக்குத் திருப்புமுனை. புகழ்பெற்ற இசை நடத்துநர் ஹேர்பேர்ட் பொன் கராயன், வாக்னரின் ‘ரைன் தங்கம்’ ஒபெராவில் ரைன் நதியின் மூன்று நீர்மகளிருள் ஒருத்தியாகப் பாட அவரைத் தெரிவு செய்தார். அதே வேடத்தில், அதே ஆண்டு நவம்பரில், நியூயோர்க்கின் மெற்றோபொலிட்டன் ஒபெரா மேடையையும் அவர் எட்டினார். பின்னர் வியன்னா அரச ஒபெரா உட்படப் பல பெரிய அரங்குகளில் பாடினார்.

நடக்காத கச்சேரி

அதே 1968இல் நடந்த இன்னொரு சம்பவத்தைச் சொல்லாமல் இருக்க முடியாது. ஹான்ஸ் வெர்னர் ஹென்சே என்ற இசையமைப்பாளர் ‘மெடூசாவின் தெப்பம்’ என்ற படைப்பை எழுதியிருந்தார். 1816இல் மெடூசா என்ற பிரெஞ்சுக் கப்பல் ஆபிரிக்கக் கரையோரம் தரைதட்டியது. அதிகாரிகள் படகுகளில் ஏறிக்கொண்டு, சாதாரண மனிதர்களை ஒரு தெப்பத்தில் கைவிட்டுச் சென்ற உண்மைக் கதை. அந்தப் படைப்பில் ‘மரணம்’ என்ற பாத்திரத்தை எட்டா மோசர் பாட இருந்தார்.

டிசம்பர் 9ஆம் திகதி ஹம்பேர்க்கில் அரங்கேற்றம். ஹென்சே அதைச் சே குவேராவின் நினைவுக்குச் சமர்ப்பித்திருந்தார். மேடையில் மாணவர்கள் செங்கொடியைக் கட்டினார்கள். அந்தக் கொடியின் கீழ் பாட மாட்டோம் என்று பேர்லினிலிருந்து வந்த குழுப் பாடகர்கள் மறுத்தார்கள். கூச்சல் எழுந்தது. பொலிஸார் உள்ளே நுழைந்தார்கள், சிலர் கைதானார்கள். ஒரு சுரமும் ஒலிக்காமலேயே கச்சேரி கைவிடப்பட்டது. ஆனால் வானொலி நேயர்கள் அன்று அந்த இசையைக் கேட்டார்கள். முன்கூட்டியே பதிவு செய்து வைத்திருந்த ஒத்திகை ஒலிபரப்பானது. மண்டபத்தில் பாட முடியாமற்போன குரல் வீடுகளுக்குள் கேட்டது. ஒலிப்பதிவு என்பது எவ்வளவு விந்தையான பொருள் என்று அப்போதுதான் யோசித்தேன். பாடியவர் போக முடியாத இடத்துக்கும் அது போய்விடுகிறது.

இரவின் அரசி

இனி, நானா போட்டுக் காட்டிய பாட்டுக்கு வருவோம். அது மொஸார்ட் இசையமைத்த ‘மாயப் புல்லாங்குழல்’ ஒபெராவில் வருவது. 1791 செப்ரெம்பர் 30ஆம் திகதி வியன்னாவின் புறநகர் அரங்கொன்றில் அது முதன்முதலாக மேடையேறியது. இரண்டு மாதங்கள் கழித்து, டிசம்பர் 5ஆம் திகதி, மொஸார்ட் காலமானார். அவருக்கு வயது 35.

அக்காலத்தில் ஒபெரா என்றாலே பெரும்பாலும் இத்தாலிய மொழிதான். ‘மாயப் புல்லாங்குழலோ’ ஜேர்மன் மொழியில் எழுதப்பட்டது. இடையிடையே பாட்டில்லாத பேச்சும் வரும். அரண்மனைக்காரருக்காக அல்லாமல், புறநகரில் காசு கொடுத்துப் பார்க்க வந்த சாதாரண மக்களுக்காக, அவர்களுக்கு விளங்கும் மொழியில் செய்யப்பட்ட படைப்பு அது.

அதில் ‘இரவின் அரசி’ என்றொரு தாய் வருகிறாள். தன் மகளின் கையில் கத்தியைக் கொடுத்து, தன் எதிரியான சராஸ்ட்ரோவைக் கொல்லச் சொல்கிறாள். மறுத்தால் நீ என் மகளே இல்லை என்கிறாள். அந்தக் கோபத்தின் உச்சியில் மொஸார்ட் அவளைச் சாதாரணக் குரல்கள் ஏறாத உயரத்துக்கு ஏற்றுகிறார். முதன்முதலில் அந்த வேடத்தில் பாடியவர் மொஸார்ட்டின் மைத்துனி யோசேபா ஹோபர். அவருடைய குரலை மனத்தில் வைத்தே மொஸார்ட் அந்தப் பாட்டை அமைத்தார்.

அந்தப் பாட்டின் உச்சச் சுரத்தின் மீடிறன் ஏறத்தாழ 1,400 ஹேர்ட்ஸ். அதாவது பாடகியின் குரல் நாண்கள் ஒரு செக்கனில் 1,400 தடவை அதிர வேண்டும். இங்கே நானா எனக்கொரு விடயம் விளக்கினார். ‘ஆ’, ‘ஈ’, ‘ஊ’ என்பவற்றை எங்கள் காது வேறுபடுத்துவது வாயறையில் உண்டாகும் பரிவினால்தான். நாவையும் உதட்டையும் மாற்றும்போது அந்தப் பரிவு மீடிறன்கள் மாறுகின்றன. அவற்றுள் முதலாவது பெரும்பாலும் ஆயிரம் ஹேர்ட்ஸுக்குக் கீழேதான் இருக்கும். பாடும் சுரம் அதையும் தாண்டி ஏறிவிட்டால் எந்த உயிரெழுத்தும் ஏறத்தாழ ஒன்று போலவே கேட்கும். அந்த உயரத்தில் சொல் பிழைக்காது.

மொஸார்ட் இதை அறிந்தவர் போலவே அங்கே சொற்களை வைக்கவில்லை. வெறும் உயிரெழுத்தை மட்டும் வைத்தார். ஆகவே அந்தத் தாய் என்ன சொல்கிறாள் என்பதைப் பாடகி கீழே, சொற்கள் இருக்கும் இடத்திலேயே, எங்களுக்கு உணர்த்திவிட வேண்டும். பல பாடகியர் உச்சச் சுரங்களைச் சரியாகத் தொடுவதிலேயே முழுக் கவனத்தையும் வைப்பர். எட்டா மோசரின் பதிவில் நான் கேட்டது வேறு. கீழே வரும் ஒவ்வொரு மெய்யெழுத்தும் கல்லில் கத்தி தீட்டுவது போல ஒலிக்கிறது. ஜேர்மன் மொழியில் ஒரு சொல்லும் தெரியாத எனக்கே, இது கோபத்தில் பேசும் தாய் என்று விளங்கியது. மேலே ஏறிய பிறகு வரும் அந்தச் சுரங்கள் அதனால்தான் அலங்காரமாகக் கேட்கவில்லை. சொல் தீர்ந்துபோன கோபமாகக் கேட்கின்றன.

அந்தப் பதிவு 1972இல் மியூனிச்சில், வொல்ப்காங் சவாலிஷின் இசை நடத்துகையில், பவேரிய அரச ஒபெராவின் வாத்தியக் குழுவுடன் செய்யப்பட்டது.

தங்கத் தட்டு

1977ஆம் ஆண்டு நாசா நிறுவனம் வொயேஜர் 2, வொயேஜர் 1 என்னும் இரண்டு விண்கலங்களை ஏவியது. ஒவ்வொன்றிலும் தங்க முலாம் பூசிய ஒரு செப்பு இசைத்தட்டு பொருத்தப்பட்டது. என்றாவது வேற்றுலக உயிரினம் எதுவும் கண்டெடுத்தால், பூமி என்றொரு இடம் இருந்தது என்று அறியட்டும் என்பதே நோக்கம். கார்ல் சேகன் என்ற வானியல் அறிஞரின் தலைமையில் ஒரு குழு படங்களையும் ஒலிகளையும் தெரிவு செய்தது. உலகின் பல பாகங்களிலிருந்தும் 27 இசைப் பகுதிகள் தெரிவாயின. ஐரோப்பிய ஒபெராவிலிருந்து இடம்பெற்றது ஒரே ஒரு பாட்டு. அது மூன்று நிமிடத்துக்கும் சற்றுக் குறைவான, எட்டா மோசரின் இந்தப் பாட்டு.

வொயேஜர் 1 இப்போது 2,400 கோடி கிலோமீற்றருக்கும் அப்பால் இருக்கிறது. அங்கிருந்து ஒரு சமிக்ஞை ஒளியின் வேகத்தில் வந்தாலும் பூமியை அடைய 22 மணித்தியாலங்களுக்கு மேல் ஆகும்.

அந்தத் தட்டில் 55 மொழிகளில் வாழ்த்துகளும் உள்ளன. பட்டியலை ஆவலோடு பார்த்தேன். ஜேர்மன் இருக்கிறது. அரபு இருக்கிறது. உருது, தெலுங்கு, கன்னடம் எல்லாம் இருக்கின்றன. எங்கள் நாட்டுச் சிங்களம் இருக்கிறது. இன்று யாரும் பேசாத சுமேரியமும் அக்காடியமும்கூட இருக்கின்றன. தமிழ் இல்லை. இரண்டு தடவை மேலிருந்து கீழாகப் பார்த்தேன், இல்லவே இல்லை.

அந்த வாழ்த்துகளிற் பெரும்பாலானவை அமெரிக்காவின் கோர்னெல் பல்கலைக்கழகத்தில், குறுகிய காலத்துக்குள், அங்கே கிடைத்த மொழியாளர்களைக் கொண்டு பதிவு செய்யப்பட்டவை. யாரும் எங்களை வேண்டுமென்று விலக்கவில்லை. ஆனாலும் மனம் கொஞ்சம் வாடியது. ஒலிவாங்கிக்கு முன்னால் போய் நின்ற மொழிகள் போய்விட்டன. நிற்காத மொழி இங்கேயே இருக்கிறது.

தாய்மொழிக்கு ஒரு விழா

எட்டா மோசர் இரவின் அரசியோடு நின்றுவிடவில்லை. ‘டொன் ஜியோவானி’யில் தந்தையை இழந்த டொன்னா அன்னா அவருடைய இன்னொரு பெரிய பாத்திரம். 1979இல் ஜோசப் லோசி அந்த ஒபெராவைத் திரைப்படமாக்கியபோது டொன்னா அன்னாவாக நடித்துப் பாடியவர் இவரே. கேர்ட் மசூருடன் சேர்ந்து ஷூமனின் ‘கெனோபேபா’வைப் பதிவு செய்தார். 1984இல் மெற்றோபொலிட்டன் மேடையில் ஹாண்டலின் ‘ரினால்டோ’வில் ஆர்மிடா என்ற சூனியக்காரியாகப் பாடினார். பிற்காலத்தில் கொலோன் இசை உயர்கல்லூரியில் பேராசிரியராக இருந்து இளம் பாடகர்களைப் பயிற்றுவித்தார். தன் வரலாற்றை எழுதி 2011இல் வெளியிட்டார். அந்த நூலின் பெயரைத் தமிழில் ‘பாடிப் பெற்ற பேறு’ எனலாம்.

இவை யாவற்றிலும் என்னை நிறுத்திவைத்தது வேறொன்று. 2006ஆம் ஆண்டு அவர் ஒரு விழாவை ஆரம்பித்தார். அது இசை விழா அன்று. ஜேர்மன் மொழிக்கான விழா. தேர்ந்த நடிகர்கள் வந்து, கவிதைகளையும் நாடகங்களையும் உரைநடையையும் சபை முன் வாய்விட்டு வாசிக்கும் விழா. பாட் லௌக்ஷ்டெட் என்ற சிறிய ஊரில், மகாகவி கோதேயின் மேற்பார்வையில் 1802இல் திறக்கப்பட்ட பழைய அரங்கு அந்த விழாவின் இடமாயிற்று.

எந்த மொழியும் எட்டாத உயரத்தில் பாடிப் புகழ்பெற்றவர், கடைசியில் கீழே இறங்கி வந்து, சொற்களைக் கேளுங்கள் என்றார். இது எனக்கு முரணாகத் தெரியவில்லை. அவருடைய பாட்டின் பலமே சொல்லில்தான் இருந்தது. சொல்லைச் சரியாகப் பிடித்திருந்தவருக்கே சொல்லைத் தாண்டி ஏறவும் முடிந்தது.

என் ழகரம்

இங்கே என் பேச்சுப் போட்டிக்குத் திரும்புகிறேன். ‘வீட்டுப் பேச்சு’ என்று நடுவர் சொன்னதை நான் அப்போது ஓர் அவமானமாக எடுத்துக்கொண்டேன். இப்போது அப்படி நினைக்கவில்லை. உம்மாவும் மூத்தம்மாவும் எனக்குத் தந்த பேச்சு பிழையான தமிழ் அன்று. அதில்தான் நான் சிரிக்கிறேன், அழுகிறேன், சண்டை பிடிக்கிறேன். ஆனால் மேடைக்கு வேறொரு பயிற்சி வேண்டும் என்பதும் உண்மை. பேர்லினில் பிறந்து ஜேர்மன் மொழியையே பேசி வளர்ந்த ஒருவருக்கும் ஜேர்மன் மொழியில் பாடப் பல ஆண்டுப் பயிற்சி தேவைப்பட்டது. ஆகவே, பயிற்சி வேண்டும் என்று ஒருவர் சொல்வதற்காக வெட்கப்பட ஒன்றுமில்லை. முன்வரிசையில் இருந்து சிரித்ததைத்தான் இன்னும் என்னால் மறக்க முடியவில்லை. சகோதரிகளே, மேடையில் நிற்கும் ஒருவரின் ஓசை பிசகினால் தயவுசெய்து சிரிக்காதீர்கள்.

எங்கள் தமிழ் ஆசிரியை தொல்காப்பியத்தின் பிறப்பியலைப் படிப்பித்தபோது, ழகரம் பிறக்கும் இடத்தைக் காட்டினார். நாவின் நுனி மேல்நோக்கி வளைந்து அண்ணத்தை மெல்ல வருட வேண்டும். அழுத்தினால் ளகரம் ஆகிவிடும். பரீட்சைக்காக எழுதி வைத்திருந்த அந்தக் குறிப்பை, கண்ணாடியின் முன் நின்று முதன்முறையாக என் வாயில் வைத்துப் பார்த்தேன். தொலைபேசியில் பதிவு செய்து கேட்டேன். முதல் கிழமை ஒன்றும் சரிவரவில்லை. என் குரலை நானே கேட்கக் கூச்சமாக இருந்தது. மூன்றாம் கிழமையில் “மழை” சரியாக வந்தது. “வாழ்க்கை” இன்னும் சில நேரம் வழுக்குகிறது.

போன கிழமை சத்தமாகப் பழகிக்கொண்டிருந்தபோது உம்மா குசினியிலிருந்து, “யாரு புள்ள கத்துறது?” என்று கேட்டார். “நான்தான் உம்மா” என்றேன்.

இந்தத் தவணைப் பேச்சுப் போட்டிக்குப் பெயர் கொடுத்துவிட்டேன். இந்தச் சஞ்சிகை உங்கள் கைகளுக்கு வரும்போது போட்டி முடிந்திருக்கும். முடிவு எதுவானாலும், அடுத்த தவணையும் பெயர் கொடுப்பேன்.